ஆடு யாருடையது என்று அவருக்குத் தெரியும்

ஒரு நடிகரைப் பாராட்ட நம்ம ஊரில் ஒரு வாக்கியம் இருக்கிறது: "நடிக்கவே இல்லைங்க, வாழ்ந்திருக்கார்." சிவாஜிக்கும் சொல்வோம், போன வாரம் வந்த புதுமுகத்துக்கும் சொல்வோம். சொல்கிற நமக்கும் கேட்கிற நடிகருக்கும் அது ஒரு மரியாதைப் பேச்சு என்று தெரியும். அவர் டயலாக்கை மனப்பாடம் செய்து, மேக்கப் போட்டு, பத்து டேக் வாங்கித்தான் "வாழ்ந்தார்". அதற்குச் சம்பளமும் வாங்கினார்.

இதே வாக்கியத்தை நிஜம் என்றே நம்பி உலகம் முழுக்கச் சொன்ன ஒரு நடிகர் உண்டு. அவர் நடிக்கவில்லை, தன் இயல்பில் இருந்தார், கேமரா அதைப் பிடித்துக்கொண்டது என்று எல்லோரும் நினைத்தார்கள். அந்த நம்பிக்கை அவர் உழைப்பை மறைத்தது. கொஞ்சம் தள்ளிப் போய் அவர் ஊர்க்காரர்களின் நிலம் வரைக்கும் கை வைத்தது. இந்தக் கட்டுரை அவரைப் பற்றியது.

படத்தின் பெயரைச் சொன்னால் உங்களுக்கு முகம் ஞாபகம் வந்துவிடும்: 'தி காட்ஸ் மஸ்ட் பி க்ரேஸி'. குட்டி விமானத்திலிருந்து பைலட் ஒரு காலி கோகோ கோலா பாட்டிலைத் தூக்கிப் போடுகிறார். அது கலஹாரியில் ஒரு சிறு கூட்டத்தின் நடுவே விழுகிறது. கடவுள் அனுப்பிய பொருள் என்று ஆளாளுக்கு எடுத்துப் பயன்படுத்துகிறார்கள். ஒரே ஒரு பாட்டில் என்பதால் சண்டை வருகிறது. "இந்தச் சனியன் நமக்கு வேண்டாம்" என்று பூமியின் விளிம்பில் போட்டுவிட்டு வர ஒருவர் கிளம்புகிறார். கிளம்பியவர்தான் நம்ம ஆள்.

போஸ்டர்களில் அவர் பெயர் 'நிகாவ்' என்பது போல இருக்கும். காவ் தெகெனே சோமா என்றும் எழுதுகிறார்கள். எப்படி எழுதினாலும் சரியாக வராது, ஏனென்றால் பெயரில் நாக்கைச் சொடுக்குகிற ஒலி இருக்கிறது. சொடுக்கொலி நமக்கு அப்படி ஒன்றும் அந்நியமில்லை. யாராவது கஷ்டத்தைச் சொன்னால் "உச்" கொட்டுகிறோமே, அதுவும் ஒரு சொடுக்குதான். நாம் அதை எழுத்தில் சேர்க்கவில்லை, அவர்கள் அதை வைத்து வார்த்தைகளையே கட்டியிருக்கிறார்கள். இந்தக் கட்டுரையில் போஸ்டர் பெயரையே வைத்துக்கொள்கிறேன்.

அவருடைய மக்கள் தங்களை ஜூஹோவான்சி என்று அழைத்துக்கொள்கிறார்கள். 'உண்மையான மனிதர்கள்' என்று பொருள். புஷ்மேன், சான் ரெண்டுமே மற்றவர்கள் வைத்த பெயர்கள்.

அந்தக் குரல்

படத்தின் முதல் சில நிமிடங்களைத் திரும்பப் போட்டுப் பாருங்கள். கதை ஆரம்பிப்பதே இல்லை. வறண்ட நிலம், மிருகங்கள், பின்னணியில் ஒரு நிதானமான ஆண் குரல். இந்த மக்களுக்குச் சொத்து என்றால் தெரியாது, குற்றம் தெரியாது, தண்டனை தெரியாது, வெளியுலகம் ஒன்று இருப்பதே தெரியாது என்று ஒவ்வொன்றாக அடுக்குகிறது. காட்டுவிலங்கு டாக்குமெண்டரியில் சிங்கத்தைப் பற்றிப் பேசுவார்களே, அதே தொனி.

இந்தத் தொனி தற்செயலாக வந்ததில்லை. இயக்குநர் ஜேமி யூய்ஸ் தென்னாப்பிரிக்காக்காரர். இதற்கு முன்பு 1974-ல் 'பியூட்டிஃபுல் பீப்பிள்' என்ற விலங்குகள் டாக்குமெண்டரி எடுத்துப் பெயர் வாங்கியவர். மரூலா பழத்தைத் தின்று யானை முதல் குரங்கு வரை போதையில் தள்ளாடும் காட்சி அதில்தான் வரும். யூடியூபில் துண்டு துண்டாக இன்றைக்கும் சுற்றுகிறது. அந்தக் காட்சி ஜோடிக்கப்பட்டது என்று விலங்கியல்காரர்கள் பல வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். ஆனாலும் அந்தப் படம் சிறந்த டாக்குமெண்டரிக்கான கோல்டன் குளோப் விருது வாங்கியது. யூய்ஸ் அங்கே கற்றுக்கொண்ட வித்தை இதுதான்: டாக்குமெண்டரிக் குரலில் எதைச் சொன்னாலும் ஜனங்கள் தகவல் என்று எடுத்துக்கொள்வார்கள்.

1980-ல் இந்தக் காமெடிப் படத்தை எடுத்தபோது அந்தக் குரலை அப்படியே கொண்டுவந்து முன்னால் ஒட்டினார். பிறகு வருகிற ஜீப் காமெடி, வெட்கப்படுகிற விஞ்ஞானி, துப்பாக்கியோடு அலைகிற முட்டாள் கெரில்லாக்கள் எல்லாம் கற்பனை என்று பார்ப்பவர்களுக்குப் புரிந்தது. பாட்டிலைத் தூக்கிக்கொண்டு நடந்தவர் மட்டும் நிஜம் என்று மனசில் தங்கிவிட்டது.

படத்துக்கு வெளியிலும் யூய்ஸ் அதே கதையைத் தொடர்ந்தார். கதாநாயகனைத் தேடிக் கலஹாரி முழுக்க அலைந்தேன், மறுபடி கண்டுபிடிப்பதற்காக அட்சரேகை தீர்க்கரேகையைக் குறித்து வைத்துக்கொண்டேன் என்று பேட்டி கொடுத்தார். நிகாவ் அதுவரை அநேகமாக வெள்ளைக்காரர்களையே பார்த்ததில்லை, பணத்தின் மதிப்பு தெரியாமல் முதல் சம்பள நோட்டுகளைக் காற்றில் பறக்கவிட்டுவிட்டார் என்றெல்லாம் விளம்பரக் கதைகள் பரவின. பத்திரிகைகளும் ஆசையாக வாங்கிப் போட்டன.

சமையல்காரர்

இனி கையில் இருக்கிற தகவலை வரிசையாக வைத்துப் பார்ப்போம்.

நிகாவ் பிறந்த தேதி யாருக்கும் தெரியாது, 1944 வாக்கில் என்பது கணிப்பு. சின்ன வயதில் போட்ஸ்வானாவில் ஹெரெரோ இனத்தவரின் பண்ணையில் மாடு மேய்க்கும் பையனாக வளர்ந்தார். 1976-ல் இன்றைய நமீபியாவில் இருக்கிற சும்க்வே என்ற ஊருக்கு வந்து, அங்கே பள்ளிக்கூடத்தில் சமையல்காரராக வேலை பார்த்தார். தாய்மொழி தவிர ஹெரெரோ மொழியும் ட்ஸ்வானா மொழியும் சரளமாகப் பேசுவார். கொஞ்சம் ஆஃப்ரிகான்ஸும் தெரியும்.

பள்ளிக்கூடச் சமையலறை எங்கே இருக்கிறது என்று குறித்துக்கொள்ள அட்சரேகையும் தீர்க்கரேகையும் எதற்கு என்று தெரியவில்லை. சும்க்வே அந்தப் பகுதிக்கே நிர்வாகத் தலைமையிடம். கடை இருந்தது, பள்ளி இருந்தது, அரசு அலுவலகமும் இருந்தது.

படத்தில் ஒரு காட்சி வரும். பசியோடு நடந்துவரும் நாயகன் வழியில் ஒரு ஆட்டைப் பார்க்கிறார். மயக்க அம்பை எடுத்து அடிக்கிறார். மேய்க்கிற பையன் ஓடிப்போய் போலீஸைக் கூட்டிவருகிறான். கைது, கோர்ட், ஜெயில். ஆடு இன்னொருத்தருக்குச் சொந்தம் என்கிற விஷயமே இந்த மனிதருக்குப் புரியவில்லை என்பதுதான் அங்கே நகைச்சுவை, சோகமும் அதுதான்.

நடித்தவர் யார்? அடுத்தவர் மாட்டை மேய்த்தே வளர்ந்தவர். எந்த மாடு யாருடையது, எந்தப் பட்டியைச் சேர்ந்தது, ஒன்று காணாமல் போனால் யார் கையில் அடி வாங்க வேண்டும் என்பது தெரியாமல் ஒரு மேய்ப்புப் பையன் ஒரு நாள்கூட வேலை பார்க்க முடியாது. அப்படிப்பட்டவர் கேமரா முன்னால் நின்று, 'சொந்தம்' என்ற எண்ணமே இல்லாத ஒரு மனிதனின் முகத்தைக் காட்டுகிறார். புருவத்தில் ஒரு குழப்பம், உடனே ஒரு சிரிப்பு, பிறகு மெதுவாக ஒரு பயம். நாலு மொழி தெரிந்தவர், எந்த மொழியுமே புரியாதவராக அந்த விசாரணையில் நிற்கிறார்.

இதற்குப் பெயர் நடிப்பு. நல்ல நடிப்பு. எழுத்தறிவோ நடிப்புப் பயிற்சியோ இல்லாமல், தனக்கு நேரெதிரான ஒரு பாத்திரத்தை உலகம் நம்பும்படி செய்துவிட்டார். நம்பிய உலகம் அவரை நடிகர் கணக்கில் சேர்க்கவில்லை. முதல் படத்துக்கு அவருக்குக் கிடைத்தது சில நூறு டாலர்கள் என்று பல செய்திகள் சொல்கின்றன. படம் அமெரிக்காவில் மட்டும் சுமார் 3 கோடி டாலர் வசூலித்தது.

அந்த ஊர் எப்படி உருவானது

நிகாவின் கதை முழுசாகப் புரிய அந்த ஊரைப் பற்றிக் கொஞ்சம் தெரிய வேண்டும்.

நமீபியா அன்றைக்குத் தென்மேற்கு ஆப்பிரிக்கா. தென்னாப்பிரிக்காவின் பிடியில் இருந்தது. அதன் வடகிழக்கு ஓரத்தில் 'நியாய் நியாய்' என்ற பகுதிதான் ஜூஹோவான்சிகளின் இடம். நீர்நிலை ஒவ்வொன்றையும் சுற்றி, தாத்தா பாட்டி வழியாக வந்த உரிமையோடு சிறு குழுக்கள் வாழ்ந்தன. எந்தக் கிழங்கு எங்கே கிடைக்கும், எந்தக் குழுவுக்கு எந்த நிலம் என்பதெல்லாம் பேசி வைத்த விஷயங்கள். சொத்துணர்வே இல்லாத மக்கள் என்று படம் சொன்னது இவர்களைத்தான்.

1950-களின் கடைசியில் நிர்வாகம் சும்க்வேயில் ஒரு அதிகாரியை வைத்தது. விவசாயம் சொல்லித் தருகிறோம், மருத்துவம் தருகிறோம் என்று மக்களை அங்கே வரச் சொன்னார்கள். 1970-ல் நிறவெறி அரசு தன் இனவாரி வரைபடத்தில் 'புஷ்மேன்லாந்து' என்று ஒரு கட்டம் கட்டியது. நியாய் நியாயில் ஏறக்குறைய 70 சதவீதம் அந்தக் கட்டத்துக்கு வெளியே போனது. ஒரு பகுதி வனவிலங்குச் சரணாலயம் ஆனது, ஒரு பகுதி ஹெரெரோலாந்தில் சேர்ந்தது. சுற்றிக்கொண்டிருந்த சிறு குழுக்கள் ஒரே ஊரில் வந்து நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தன. சுற்றிலும் வேட்டை மிருகம் இல்லை, கிழங்கு இல்லை. அரசு கொடுத்த மக்காச்சோள மாவுதான் சாப்பாடு. காசநோய் பரவியது, குடி வந்தது, அடிதடி வந்தது. 1978-ல் தென்னாப்பிரிக்க ராணுவம் விடுதலைப் போராளிகளுக்கு எதிராகச் சண்டையிட அங்கேயே ஆள் எடுக்க ஆரம்பித்தது.

கடவுள் பாட்டில் போடுவதற்கு முன்னால் அங்கே வந்து விழுந்தவை இவை.

இரண்டாவது கேமரா

இந்தக் கதையில் இன்னொரு கேமராவும் உண்டு. அது யூய்ஸுக்கு வெகு முன்னாலேயே வந்துவிட்டது.

அமெரிக்காவில் லாரன்ஸ் மார்ஷல் என்று ஒருவர். என்னைப் போன்ற எலெக்ட்ரானிக்ஸ் பைத்தியங்களுக்கு வேறு வழியில் தெரிந்த பெயர், ரேதியான் கம்பெனியைத் தொடங்கியவர்களில் ஒருவர். இரண்டாம் உலகப் போரில் ரேடாருக்கு வேண்டிய மாக்னெட்ரான் குழாய்களைக் குவித்துத் தள்ளிய கம்பெனி. மைக்ரோவேவ் அடுப்பு பிறந்ததும் அங்கேதான். ஓய்வு பெற்றவர், மனைவி லோர்னாவையும் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு 1950-ல் கலஹாரிக்குப் போனார். மனைவி மானுடவியலாளர் ஆனார், மகள் எலிசபெத் எழுத்தாளர் ஆனார். பதினெட்டு வயது மகன் ஜான் கையில் ஒரு கேமராவைக் கொடுத்தார்கள். அவர் வாழ்நாள் முழுக்க அதைக் கீழே வைக்கவில்லை.

ஜான் மார்ஷலின் முதல் புகழ்பெற்ற படம் 1957-ல் வந்த 'தி ஹண்டர்ஸ்'. நாலு பேர் ஒட்டகச்சிவிங்கியை நாள்கணக்கில் துரத்தி வேட்டையாடும் கதை. மானுடவியல் வகுப்புகளில் பல தலைமுறை மாணவர்கள் பார்த்த படம். அது ஒரே வேட்டை கிடையாது, வெவ்வேறு சமயங்களில் எடுத்த துண்டுகளை ஒட்டிக் கோத்தது. இயற்கையோடு தனியே போராடும் ஆதி மனிதன் என்ற கனவை அந்தப் படமும் விற்றது. மார்ஷலே பின்னாளில் அதை வெளிப்படையாக விமர்சித்தார். யூய்ஸ் எடுத்த படத்துக்கு இருபது வருஷம் முன்பே மண்ணைப் பதப்படுத்தி வைத்தது இந்த நல்ல எண்ணம் கொண்ட டாக்குமெண்டரிகள்தான் என்று சொன்னால் தப்பில்லை.

1958-ல் நிர்வாகம் மார்ஷலை உள்ளே விட மறுத்தது. இருபது வருஷம் அவரால் திரும்பிப் போக முடியவில்லை. 1978-ல் அனுமதி கிடைத்து சும்க்வேக்கு வந்தபோது, தான் சிறுவயதில் படம் பிடித்த அதே மனிதர்களை ரேஷன் வரிசையில் பார்த்தார். அவர்களில் ஒருவர் நை என்ற பெண்.

நை 1942 வாக்கில் பிறந்தவர். எட்டொன்பது வயதுச் சிறுமியாக மார்ஷலின் ஃபிலிமில் பதிவாகியிருந்தார். எட்டு வயதிலேயே குண்டா என்பவருக்குக் கட்டி வைத்தார்கள், வருஷக்கணக்கில் அவரை ஏற்க மறுத்து முரண்டு பிடித்தார். மார்ஷல் 1951 முதல் 1978 வரை எடுத்த காட்சிகளைச் சேர்த்து, நையையே கதை சொல்ல வைத்து, 1980-ல் ஒரு மணி நேரப் படமாக வெளியிட்டார். படத்தின் பெயரே அவர் பெயர்தான்.

இந்தப் படத்திலும் ஆரம்பத்தில் அறிமுகக் குரல் கொஞ்சம் உண்டு. ஆனால் படத்தை நடத்துவது நைதான். களி கிளறிப் பங்கு போட்டபடியே பேசுகிறார். கல்யாணம், பிள்ளைகள், பசி, பொறாமை எல்லாவற்றையும் சொல்கிறார். படம் எடுப்பவர்கள் தனக்குக் கொடுத்த பணத்தால் சொந்தக்காரர்களே தன் மேல் எரிச்சலாக இருப்பதையும் மறைக்கவில்லை. சண்டை அப்படியே ஓடுகிறது, யாரும் வெட்டவில்லை. ராணுவத்துக்கு ஆள் சேர்ப்பதும் பதிவாகியிருக்கிறது.

அதே படத்தில் சில நிமிடங்கள் இன்னொரு படக்குழு வருகிறது. யூய்ஸின் குழு, 'காட்ஸ் மஸ்ட் பி க்ரேஸி' படப்பிடிப்பில்!

சினிமா வரலாற்றில் இப்படி ஒரு ஒட்டுத்தையல் அபூர்வம். ஒரே ஊர், ஒரே காலம், ஒரே மக்கள். சட்டையும் பாவாடையும் கம்பளியுமாக ரேஷன் மாவுக்குக் காத்திருந்தவர்கள், ஒரு கேமராவுக்குத் தோலாடை கட்டி ஏதேன் தோட்டத்து மனிதர்களாக நிற்கிறார்கள். கொஞ்சம் தள்ளி இன்னொரு கேமரா அதையே படம் பிடிக்கிறது. ரெண்டு படமும் 1980-ல் வெளிவந்தன. ஒன்றை உலகம் முழுக்கக் கோடிக்கணக்கான பேர் பார்த்தார்கள். மற்றொன்று அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகி, கல்லூரி வகுப்புகளில் தங்கிவிட்டது.

சிரிப்பு யாருக்கு என்ன செலவு

"காமெடிப் படம்தானே, இதற்கு எதற்கு இவ்வளவு ஆராய்ச்சி?" என்று கேட்கலாம். நானும் அந்தப் படத்தைப் பார்த்துச் சிரித்தவன்தான், இப்போது பார்த்தாலும் சிரிப்பு வரும். ஆனால் அடுத்து நடந்ததையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

1980-களின் தொடக்கத்தில் சில குடும்பங்கள் சும்க்வேயின் நெரிசலை விட்டுத் தங்கள் பழைய நீர்நிலைகளுக்குத் திரும்ப ஆரம்பித்தன. மார்ஷலும் நண்பர்களும் பணம் திரட்டி ஆழ்துளைக் கிணறு போட்டார்கள், கொஞ்சம் மாடுகள் வாங்கிக் கொடுத்தார்கள். வேட்டையை மட்டும் நம்பி வாழ நிலம் மிச்சமில்லை, மாடும் தோட்டமும் வேண்டும் என்பது அந்தக் குடும்பங்களின் முடிவு. 1986-ல் விவசாயிகள் கூட்டுறவு அமைப்பும் தொடங்கினார்கள்.

அதே சமயம் வனத்துறை, கிழக்குப் புஷ்மேன்லாந்தை வனவிலங்குக் காப்பகமாக அறிவிக்கத் திட்டம் போட்டது. இந்த மக்கள் அங்கே இருக்கலாம், ஆனால் வில்லும் அம்புமாக, 'பாரம்பரியமாக' இருக்க வேண்டும். சுற்றுலாப் பயணிகள் வந்து பார்ப்பார்கள். மாடு வளர்த்தால், விவசாயம் செய்தால் அவர்கள் 'உண்மையான புஷ்மேன்' இல்லை.

திரையில் நாம் கைதட்டிய மனிதர்தான் இங்கே சட்டவரைவாக வந்து நிற்கிறார். சொத்து என்றால் தெரியாதவர்களுக்கு எதற்கு நிலப்பட்டா? ஆடு யாருடையது என்று புரியாதவர்களுக்கு எதற்கு மாடு? அந்தத் திட்டத்துக்கு இந்த ஒரு படம்தான் காரணம் என்று நான் சொல்லவில்லை. அந்தக் கற்பனை அதைவிடப் பழையது, நல்லவர்களும் சேர்ந்து வளர்த்தது. ஆனால் திட்டம் போட்டவர்கள் யாருக்கும் அதை விளக்க வேண்டிய அவசியம் வரவில்லை. உலகமே ஏற்கெனவே படத்தில் பார்த்துவிட்டது.

மக்கள் எதிர்த்தார்கள். காப்பகத் திட்டம் அப்படியே நிறைவேறவில்லை. 1990-ல் நமீபியா விடுதலை அடைந்தது. 1998-ல் நியாய் நியாய் சமூகக் காப்பகம் உருவானது, அந்த நாட்டில் மக்கள் பொறுப்பில் வந்த முதல் காப்பகம், சுமார் 9,000 சதுர கிலோமீட்டர். வேட்டை, சுற்றுலா வருமானம் மக்களுக்கு ஒரு பங்காக வருகிறது. ஆனால் கிணற்றுப் பம்புகளை யானைகள் உடைப்பதும், விவசாயத்துக்கு உதவி குறைந்துபோனதும் மார்ஷலுக்கு ஆறாத கோபம். 2002-ல் அவர் முடித்த ஆறு மணி நேர 'எ கலஹாரி ஃபேமிலி' தொடரின் கடைசிப் பகுதிக்கு அவர் வைத்த பெயரின் பொருள் 'கற்பனையால் சாவு'.

நிகாவின் மீதிப் படங்கள்

நம்ம நடிகர் என்ன ஆனார்?

முதல் படத்துக்கு ஒன்பது வருஷம் கழித்து, 1989-ல் இரண்டாம் பாகம் வந்தது. இந்தத் தடவை அவர் சும்மா வரவில்லை. பல லட்சம் டாலர் கேட்டார் என்று செய்திகள் சொல்கின்றன. எதற்கு என்பதையும் சொன்னார்: குடும்பத்துக்குச் சிமெண்ட் கல்லில் ஒரு வீடு, அதில் கரெண்ட், தண்ணீருக்கு ஒரு பம்பு. நோட்டைக் காற்றில் பறக்கவிட்டவர் என்று விளம்பரம் செய்யப்பட்டவர் வைத்த பட்ஜெட் இது. நம்ம ஊரில் எந்தக் குடும்பத் தலைவரும் போடுகிற அதே பட்டியல்.

பிறகு ஹாங்காங்காரர்கள் கூப்பிட்டார்கள். 1991-ல் 'கிரேஸி சஃபாரி'. சீனத்துத் துள்ளும் பிணம் ஒன்று விமானத்திலிருந்து ஆப்பிரிக்காவில் விழுகிறது, அதைத் தேடி மந்திரவாதி வருகிறார். அதில் புரூஸ் லீயின் ஆவி நிகாவுக்குள் இறங்கி, அவர் குங்ஃபூ போடுகிற காட்சி உண்டு. 1993-ல் ஹாங்காங் நகரத்தில் நடக்கிற ஒரு படம், 1994-ல் சீனாவில் நடக்கிற ஒரு படம். மொத்தம் ஐந்து படங்களில் பேர் தெரிந்த வேஷம்.

இந்தச் சீனப் படங்களை விமர்சகர்கள் சீண்டுவதில்லை. குப்பை என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் ஒரு விஷயத்தில் அவை நேர்மையானவை. புரூஸ் லீ மாதிரி உதைக்கிறவரைப் பார்த்து "இவர் இயல்பே இப்படித்தான்" என்று யாரும் நினைக்க முடியாது. அவர் நடிக்கிறார் என்பது அப்பட்டமாகத் தெரிகிறது.

அந்த ஐந்தோடு சினிமாவை விட்டுவிட்டு நமீபியாவுக்குத் திரும்பினார். வீடு கட்டினார். மக்காச்சோளம், பூசணி, பீன்ஸ் போட்டார். மாடு வளர்த்தார், எப்போதும் இருபதுக்குள் இருக்கும். கொஞ்ச காலம் கார் வைத்திருந்தார், ஓட்டத் தெரியாததால் டிரைவர் வைத்துக்கொண்டார். 2000-ல் ஞானஸ்நானம் பெற்றுக் கிறிஸ்தவர் ஆனார். அந்த ஊரையே அரித்த காசநோய் அவரையும் விடவில்லை. 2003 ஜூலைத் தொடக்கத்தில் வீட்டுக்குக் கொஞ்ச தூரத்தில் இறந்து கிடந்தார். வயது 59 இருக்கலாம். சும்க்வேயில், இரண்டாவது மனைவியின் சமாதிக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள்.

அடுத்தவர் மாட்டை மேய்த்து ஆரம்பித்தவர், சொந்த மாட்டோடு முடித்திருக்கிறார். 'கற்கால மனிதர் நாகரிகத்தைத் தொட்டுவிட்டுத் தன் பாலைவனத்துக்கே திரும்பினார்' என்ற ரீதியில் இதை எழுதினால், அது மறுபடியும் பழைய குரல்தான். கிடைத்த ஒரே சந்தர்ப்பத்தை வைத்துக் குடும்பத்துக்கு வீடும் நிலத்தில் பயிரும் பட்டியில் மாடும் சேர்த்த ஒரு கிராமத்து மனிதரைத்தான் நான் இதில் பார்க்கிறேன். வனத்துறையின் வரைவு எந்த வாழ்க்கையை வேண்டாம் என்றதோ, அதைத்தான் அவர் தேர்ந்தெடுத்தார்.

ஜான் மார்ஷல் 2005-ல் இறந்தார். ஐம்பது வருஷமாக அவர் எடுத்த ஜூஹோவான்சி பதிவுகளை 2009-ல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. ஒரே சமூகத்தை இவ்வளவு காலம் தொடர்ந்து படம் பிடித்த தொகுப்பு உலகில் வேறு அதிகம் இல்லை. நையின் முகம் எட்டு வயதிலிருந்து அதில் இருக்கிறது. நிகாவுக்கு இருப்பது அந்த ஐந்து படங்கள்தான். ஒரு நடிகருக்கு அது போதும், நாம் அவரை நடிகராகப் பார்த்தால்.

டிவியிலோ யூடியூபிலோ அந்தப் படம் அடுத்த தடவை வந்தால், முதல் சில நிமிடங்களுக்கு ஒலியைக் குறைத்துவிட்டுப் பாருங்கள். அந்தக் குரல் போன பிறகு திரையில் மிச்சமிருப்பது ஒரு சிறு கூட்டம் நடிகர்கள். பிறகு ஆட்டுக் காட்சி வரும்போது ஒலியைக் கூட்டிக்கொள்ளுங்கள். அம்பை எடுக்கிறவர் முகத்தைக் கவனியுங்கள். ஆடு யாருடையது என்று அவருக்கு நன்றாகத் தெரியும். தெரியாத மாதிரி எவ்வளவு அழகாகச் செய்கிறார் பாருங்கள்.